உங்களுக்குத் தெரியுமா? பூரணம் வைத்த மெத்தென்ற ஆம்லெட்

கடலூர் மாவட்டம் மேல்பட்டாம்பாக்கத்தில் எங்கள் வீட்டு ஆம்லெட்டுக்கு ஓரம் முறுகலாக இருக்க வேண்டும். நல்லெண்ணெயில் சுருண்டு, பழுப்பேறி, ரசஞ்சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளத் தோதாக இருக்கும். அம்மாவுக்குக் கடைவாய்ப் பற்கள் போன பிறகு அந்த ஓரம் தட்டிலேயே தங்க ஆரம்பித்தது. நடுவில் இருக்கும் நாலு வாயை மட்டும் சாப்பிட்டுவிட்டுப் போதும் என்று எழுந்துவிடுவார். அன்றிலிருந்து மெத்தென்ற ஆம்லெட்டுக்காக நான் உடைத்த முட்டைகளுக்குக் கணக்கில்லை. அதில் கற்றதும் படித்ததும்தான் இந்தத் துணுக்குகள்.

முட்டையில் முக்கால் பங்கு தண்ணீர்!

வெள்ளைக்கருவில் நூற்றுக்கு ஏறக்குறைய 88 பங்கு தண்ணீர். மஞ்சள் கருவில் ஏறக்குறைய பாதி. முழு முட்டையாகக் கலக்கினால் முக்கால் பங்கு. சூடு பட்டதும் முட்டையின் புரத இழைகள் ஒன்றோடொன்று கோத்து வலைபோல ஆகி, அந்தத் தண்ணீரைத் தமக்குள் பிடித்து வைத்துக்கொள்கின்றன. அந்தப் பிடிதான் மென்மை. சூடு மிஞ்சினால் வலை இறுகி, ஈரத்துணியை முறுக்கியதுபோலத் தண்ணீரை வெளியே பிழிந்துவிடும். ஆம்லெட் தட்டில் கசியும் நீரையும், வாயில் ரப்பர்போல் இழுபடும் முட்டையையும் பார்த்திருப்பீர்கள். இரண்டுக்கும் காரணம் ஒன்றுதான்.

வெள்ளைக்கரு சுமார் 62 டிகிரி செல்சியஸில் கெட்டிப்படத் தொடங்கும். மஞ்சள் கரு 65-லிருந்து 70-க்குள். வெள்ளைக்கருவின் புரதத்தில் பாதிக்கு மேல் இருக்கும் ஓவால்புமின் மட்டும் 80 வரை தாக்குப்பிடிக்கும். ஆக, மென்மைக்கும் ரப்பருக்கும் நடுவே நமக்குக் கிடைப்பது பத்து, பதினைந்து டிகிரி இடைவெளிதான். தோசைக்குக் காய்ந்த கல்லோ 200 டிகிரியை எட்டி நிற்கிறது. பால் சேர்ப்பது, சோடா உப்புப் போடுவது, நுரைக்க அடிப்பது என்று ஆளாளுக்கு ஒரு வழி சொல்வார்கள். எல்லாவற்றையும் செய்து பார்த்துவிட்டேன். அடுப்பைக் குறைக்காதவரை எதுவும் பலிக்கவில்லை.

தண்ணீர்த் துளி சொல்லும் சேதி

கல் காய்ந்ததா என்று பார்க்க நாம் தண்ணீர் தெளிக்கிறோம். துளி ‘சுர்’ரென்று ஆவியானால் சரி. இன்னும் சூடேறினால் துளி உடனே ஆவியாகாமல் முத்துபோல உருண்டு ஓடும். அடியில் உண்டாகும் நீராவி மெத்தைபோல அதைத் தாங்கிக்கொள்வதால்தான் அப்படி. 1756-ல் இதை விளக்கி எழுதியவர் ஜெர்மானிய மருத்துவர் லைடன்ஃப்ராஸ்ட். இந்த விளைவு அவர் பெயராலேயே இன்றும் வழங்குகிறது. துளி முத்தாக ஓடும் கல்லில் ஆம்லெட் ஊற்றவே கூடாது.

தண்ணீரைவிட நல்ல அளவுகோல் வெண்ணெய். அதில் ஆறில் ஒரு பங்கு நீர் இருக்கிறது. வாணலியில் போட்டதும் நுரைப்பது அந்த நீர் வெளியேறுவதால்தான். நுரை அடங்கும் நொடியில், வெண்ணெய் பழுப்பாகும் முன், முட்டையை ஊற்ற வேண்டும். நெய்யில் நீர் இல்லை, எனவே இந்தச் சேதியும் கிடைக்காது. நெய்யில்தான் செய்வேன் என்பவர்கள் ஒரு சொட்டு முட்டைக் கலவையை விட்டுப் பார்க்கலாம். சத்தமில்லாமல் மெல்ல வெளுத்தால் பதம். பொரிந்தால் சூடு அதிகம்.

உப்பை எப்போது போடுவது?

கல்லில் ஊற்றிய பிறகு உப்புத் தூவுவது பலருக்குப் பழக்கம். கலக்கும்போதே போட்டு, பத்துப் பதினைந்து நிமிடம் அப்படியே விட்டுப் பாருங்கள். மஞ்சள் நிறம் கொஞ்சம் அடர்ந்து, கலவை நீர்த்துத் தெளியும். உப்பு புரதங்களுக்கு நடுவே புகுந்து அவை மிக இறுக்கமாகப் பிணையவிடாமல் தடுக்கிறது. முட்டை கூடுதல் ஈரத்தோடு வெந்து வரும். காசு செலவில்லாத வழி, வெங்காயம் நறுக்கும் நேரத்தில் தானாக முடிந்துவிடும்.

ஆற்றுக்கு அக்கரையில் பிரெஞ்சு ஆம்லெட்

எங்கள் ஊர்ப் பக்கம் ஓடும் தென்பெண்ணை ஆற்றுக்கு வடக்கே கொஞ்ச தூரம் போனால் புதுச்சேரி எல்லை. 1954 நவம்பர் 1 வரை அங்கே பிரெஞ்சு ஆட்சி. ஆம்லெட் என்ற சொல்லும் பிரெஞ்சிலிருந்து வந்ததுதான். மெல்லிய தகடு என்று பொருள்படும் பழஞ்சொல் ஒன்று உருமாறி, எழுத்து இடம் மாறி இப்படி ஆனது. தகடுபோல மெல்லியது என்று பெயர் வைத்தவர்களே பிற்காலத்தில் அதை உள்ளே குழைவாகவும் வெளியே மூடிய சுருளாகவும் ஆக்கிக்கொண்டார்கள். 1903-ல் வெளிவந்த தம் பெரிய சமையல் நூலில் எஸ்கோஃபியே சொல்லும் ஆம்லெட்டும் அதுதான்: மெல்லிய முட்டைத் தோலுக்குள் பொதிந்த, குழைவான முட்டைப் பொடிமாஸ். பிரான்சின் வடகடலோரம், மோன் சான் மிஷேல் தீவில் 1888-ல் ஆனெத் பூலார் என்ற அம்மையார் தொடங்கிய விடுதியில் இன்றும் செம்புக் கிண்ணத்தில் தாளம் தட்டுவதுபோல முட்டையை அடித்து, நீளக் கைப்பிடி வாணலியில் விறகுத்தீயில் ஆம்லெட் போடுகிறார்கள். அது நுரைபோல உப்பி நிற்கும் வகை.

யாழ்ப்பாணத்தில் முட்டைப்பொரியல் கேட்டால் நம் ஆம்லெட்டைக் கொண்டுவந்து வைப்பார்கள். நம் ஊரில் அதே சொல்லுக்கு உதிர்த்த முட்டை வரும். விருந்துக்குப் போகிறவர்கள் நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

கலக்கி: நம்முடைய சொந்தக் கண்டுபிடிப்பு

மெத்தென்ற, உள்ளே பொதிந்த ஆம்லெட்டுக்கு நாம் பிரான்சுவரை போகவே வேண்டாம். ஈரோடு, கோவை, சேலம் பக்கத்துப் பரோட்டாக் கடையில் உட்கார்ந்து “ஒரு கலக்கி” என்று சொன்னால் போதும். பரோட்டா மாஸ்டர் முட்டையை ஒரு டம்ளரில் உடைத்து, உப்பு, மிளகுத்தூள், ஒரு கரண்டி சால்னா விட்டுக் கலக்கி, எண்ணெய் தடவிய கல்லில் ஊற்றுவார். அடி வெளுத்ததும் நாலு பக்கத்தையும் தோசைத் திருப்பியால் உள்ளே மடித்துப் பொட்டலம்போல ஆக்கி, உள்ளே குழைவாக இருக்கும்போதே வாழையிலைத் துண்டில் சரித்துவிடுவார். நான் எண்ணிப் பார்த்த கடையில் முப்பது நொடிகூட ஆகவில்லை. மதுரைப் பக்கத்தில் இதன் உறவுக்கு வழியல் என்று பெயர். கரண்டிக்குள்ளேயே ஊற்றி உப்ப வைக்கும் கரண்டி ஆம்லெட்டும் தென்மாவட்டத்துச் சொத்துதான்.

கலக்கியில் பூரணம் தனியாக இல்லை. சால்னாவே பூரணம், அதுவும் முட்டையோடு முட்டையாக. சால்னாவின் நீரும் எண்ணெயும் முட்டைப் புரதத்தை நீர்க்கச் செய்வதால் அது இறுகுவதற்குக் கூடுதல் சூடு தேவைப்படுகிறது. சூடான கல்லிலும் கலக்கி மென்மையாக இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். மாஸ்டரின் கை வேகம் இன்னொன்று. உலகின் சிறந்த ஆம்லெட்டுகள் என்று யாராவது பட்டியல் போட்டால், கலக்கிக்கு அதில் இடம் கேட்டு வாதாட நான் தயார்.

பூரணம் ஈரமாக இருந்தால் கெட்டது காரியம்

தக்காளியில் 94 பங்கு நீர். காளானில் 90-க்கு மேல், வெங்காயத்தில் ஏறக்குறைய 89. இவற்றைப் பச்சையாக உள்ளே வைத்து மடித்தால் முட்டையின் சூட்டில் நீர்விட்டு, ஆம்லெட் தட்டில் நனைந்து கிடக்கும். பூரணத்தை முதலில் தனியாக வதக்கி, நீர் வற்றி, வாணலியில் ஒட்டாமல் திரண்டு வரும்வரை வைத்திருக்க வேண்டும். வைக்கும்போது அது வெதுவெதுப்பாகவும் இருக்க வேண்டும். ஆறிப்போன பூரணத்தைச் சூடேற்றுவதற்காக முட்டையை அடுப்பில் கூடுதலாக வைத்தால், பட்ட பாடெல்லாம் வீண்.

எங்கள் பகுதிக்கென்று பூரணங்கள் இருக்கின்றன. பண்ருட்டி பக்கம் முந்திரிக்காடுகளில் காய் பிடிக்கும் மாதங்களில் பச்சை முந்திரிப் பருப்பு கிடைக்கும். கொட்டையின் பால் தோலை அரிக்கும். கையில் எண்ணெய் தடவிக்கொண்டு பக்குவம் தெரிந்தவர்கள்தான் உரிக்க வேண்டும். அந்தப் பருப்பைச் சின்ன வெங்காயத்தோடும் மிளகோடும் வதக்கி உள்ளே வைத்தால், முட்டையும் மெத்து, பருப்பும் மெத்து. அம்மா முதன்முதலாக முழு ஆம்லெட்டையும் முடித்தது அன்றைக்குத்தான். பலா மூசு என்னும் பலாப்பிஞ்சை வேகவைத்து உதிர்த்து, சோம்பும் பூண்டும் தட்டிப்போட்டுப் பிரட்டிய பூரணமும் நன்றாக அமையும். கடலூர் முதுநகரிலிருந்து இறால் வரும் நாளில், பொடி இறாலை மஞ்சளும் மிளகாய்த்தூளும் போட்டுச் சுருள வதக்கி வைப்பேன். முருங்கைக்கீரை எளிது, ஆனால் காம்பு ஒன்றுகூடத் தங்கக் கூடாது. பல்லில்லாதவர்களுக்கு ஒரு காம்பு போதும், முழுத்தட்டையும் ஒதுக்கிவிடுவார்கள்.

இரண்டு முட்டைக்கு மூன்று மேசைக்கரண்டிக்கு மேல் பூரணம் வேண்டாம். ஆசைப்பட்டு அள்ளி வைத்தால் மடிக்கும்போது பிளந்துவிடும்.

தோசைக்கல்லைவிட ஆப்பச்சட்டி!

தோசைக்கல் தட்டையானது. ஊற்றிய முட்டை பரந்து, மெலிந்து, காய்ந்துவிடுகிறது. ஆப்பச்சட்டியின் குழிவில் அதே முட்டை நடுவில் தேங்கித் தடிமனாக நிற்கும், ஓரத்தில் மட்டும் மெல்லிய தோல் பிடிக்கும். மூடியும் கூடவே இருக்கிறது. ஆப்பத்துக்கு என்று மூத்தவர்கள் வடிவமைத்த பாத்திரம் பூரண ஆம்லெட்டுக்கு இவ்வளவு பொருந்தும் என்று தெரிந்தபோது எனக்கு உண்மையிலேயே மகிழ்ச்சியாக இருந்தது. ஆப்பச்சட்டி இல்லாதவர்கள் ஒரு சாண் அகலமுள்ள, ஓரம் சரிந்த சின்ன வாணலியை எடுத்துக்கொள்ளலாம். குழந்தைகளுக்குக் குழிப்பணியாரக் கல்லில் பாதிக் குழி முட்டை, அதன்மேல் பூரணம், மறுபடி முட்டை என்று ஊற்றினால் வாய்க்கு ஒன்றாகப் போகும்.

இனி, நான் செய்யும் முறை. இரண்டு முட்டையை உப்புப் போட்டு, வெள்ளைச் சரடு தெரியாதபடி முள்கரண்டியால் அடித்து வைக்கிறேன். நுரை வேண்டாம். கால் மணி நேரம் கழித்துச் சட்டியை நடுத்தரத் தீயில் வைத்து ஒரு தேக்கரண்டி வெண்ணெய். நுரை அடங்கியதும் அடுப்பை சிம்முக்குக் கொண்டுவந்து முட்டையை ஊற்றுகிறேன். முதல் இருபது நொடி சும்மா இருக்கக் கூடாது. மரக்கரண்டியால் ஓரத்தை நடுவுக்கு இழுத்து இழுத்து விட வேண்டும். வெந்தது உள்ளே வர, வேகாதது வெளியே ஓடும். தயிர் உறைய ஆரம்பித்ததுபோல முட்டை திரளும்போது கரண்டியை எடுத்துவிட்டு, மேற்பரப்பைச் சமன் செய்து, பூரணத்தை நடுவில் ஒரு கோடாக வைக்கிறேன். இரு பக்கத்தையும் அதன்மேல் மடித்து, மூடி போட்டு, அடுப்பை அணைத்துவிடுகிறேன். இரும்புச் சட்டி அணைத்த பிறகும் சூட்டை விடாது. மீதி வேலையை அந்தச் சூடும் மூடிக்குள் சுற்றும் ஆவியும் பார்த்துக்கொள்ளும். இரண்டு நிமிடம் கழித்துத் தட்டில் சரித்தால், மேலே ஒரு பழுப்புப் புள்ளிகூட இருக்காது.

திருப்பிப் போடவே கூடாதா என்று கேட்பார்கள். தேவையில்லை. திருப்பினால் இரண்டாம் பக்கமும் நேரடியாகச் சட்டியைத் தொட்டு, அங்கேயும் தோல் பிடித்துவிடும்.

மெத்து வேறு, பச்சை வேறு

இதை அழுத்திச் சொல்ல வேண்டும். முட்டையில் சால்மோனெல்லா என்ற கிருமி இருக்கக்கூடும். முட்டை உள்ளே முழுக்க 71 டிகிரியைத் தொட்டால் அது அழிந்துவிடும். கலக்கி அந்த அளவுக்கு வேகாமல் தட்டுக்கு வருவதுண்டு. உடல் வலுவோடு இருப்பவர்கள் புது முட்டையில், நம்பிக்கையான கடையில் சாப்பிடலாம். கர்ப்பிணிகள், கைக்குழந்தைகள், முதியவர்கள், நோயிலிருந்து தேறிவருபவர்கள் உள்ளே ஓடும் முட்டையைத் தவிர்க்க வேண்டும். அம்மாவுக்குச் செய்யும்போது மடிப்பை ஒருமுறை பிரித்துப் பார்ப்பேன். நீராக ஓடினால் மறுபடி மூடி, சிம்மில் இன்னும் ஒரு நிமிடம். முழுக்க வெந்தும் மெத்தென்று இருக்கும் முட்டை சாத்தியம்தான், சூடு மெதுவாக ஏறினால்.

பச்சை முட்டை குடித்தால் பலம் என்று ஊர்ப்பக்கம் இன்னும் நம்புகிறார்கள். 1998-ல் பெல்ஜிய ஆய்வாளர்கள் அளந்து பார்த்தபோது, வெந்த முட்டையின் புரதத்தில் நூற்றுக்கு 91 பங்கு செரித்தது. பச்சை முட்டையில் 51 பங்கே. ஏறக்குறைய பாதி வீண்!

ஒரு சிட்டிகை சர்க்கரை

மேல்பட்டாம்பாக்கத்துக்கு அடுத்த ரயில் நிலையம் நெல்லிக்குப்பம். அங்குள்ள பாரி கம்பெனி சர்க்கரை ஆலையின் வரலாறு 1842-ல் தொடங்குகிறது. நாட்டின் மிகப் பழைய சர்க்கரை ஆலைகளில் ஒன்று. ஆலைக்கும் ஆம்லெட்டுக்கும் என்ன தொடர்பு? சர்க்கரை, முட்டைப் புரதம் இறுகும் வெப்பநிலையை உயர்த்துகிறது. கைதவறி அரை நிமிடம் கூடுதலாக வெந்தாலும் முட்டை பொறுத்துக்கொள்ளும். ஜப்பானியர் மெல்லிய அடுக்குகளாகச் சுருட்டும் தாமகோயாகி என்ற ஆம்லெட்டில் பல வீடுகளில் சர்க்கரை சேர்ப்பது வழக்கம். நாம் இனிக்கும் அளவுக்குப் போட வேண்டாம். இரண்டு முட்டைக்கு ஒரு சிட்டிகை போட்டால் நாக்கு கண்டுபிடிக்காது.

1956

இந்த ஆண்டில் இரண்டு தொடக்கங்கள். நெய்வேலியில் பழுப்பு நிலக்கரி நிறுவனம் உருவானது. அதே ஆண்டில் பிரான்சில் மார்க் கிரெகுவார், ஒட்டாத பூச்சுப் பூசிய வாணலிகளை விற்க டெஃபால் நிறுவனத்தைத் தொடங்கினார். அந்தப் பூச்சுப் பொருளை 1938-லேயே அமெரிக்காவில் ராய் பிளங்கெட் தற்செயலாகக் கண்டுபிடித்திருந்தார். ஒட்டாத வாணலியில் எண்ணெய் ஓரிரு சொட்டுப் போதும் என்பது உண்மை. ஆனால் வெறுமனே காயவிடக் கூடாது; 260 டிகிரி தாண்டினால் பூச்சு சிதையத் தொடங்கும். உலோகக் கரண்டியும் ஆகாது.

நெய்வேலி பழுப்பு நிலக்கரியைச் சுட்டுச் செய்த, புகையில்லாத கரிக்கட்டிகள் ஒரு காலத்தில் சுற்றுவட்டார வீடுகளிலும் டீக்கடைகளிலும் எரிந்தன. எங்கள் வீட்டிலும் அந்தக் கரியடுப்பு இருந்தது. கனன்றால் நின்று எரியும். ஆனால் அதில் சிம் ஏது? பாட்டி ஒரு கரண்டிச் சாம்பலை அள்ளித் தணலின்மேல் போர்த்துவார். காற்று குறைந்து கங்கு அடங்கும், அந்தச் சூட்டில் பால் பொங்காமல் காயும். ஆம்லெட்டுக்குத் தேவையான சூடும் கிட்டத்தட்ட அதேதான். இன்று பர்னர் பெரிதாக இருந்து சிம்மிலும் சூடு மிஞ்சினால், சட்டியின் அடியில் பழைய தோசைக்கல்லை வைத்துப் பாருங்கள்; சாம்பல் செய்த வேலையை அது செய்யும்.

முட்டை பற்றி இன்னும் சில

ஒரு முட்டை உருவாகக் கோழிக்கு 24 முதல் 26 மணி நேரம் ஆகிறது. ஓட்டின் நிறம் கோழியின் இனத்தைப் பொறுத்தது, மஞ்சள் கருவின் நிறம் தீவனத்தைப் பொறுத்தது. பழுப்பு ஓடு என்பதற்காகக் கூடுதல் சத்து இல்லை.

உடைத்தால் தெரியும் வெள்ளைச் சரடு, குஞ்சாகப்போகும் கரு அல்ல. மஞ்சள் கருவை நடுவில் கட்டி நிறுத்தும் கயிறு அது. தெளிவாகத் தெரிந்தால் முட்டை புதியது என்று பொருள். தண்ணீரில் போட்டால் படுத்துக்கிடப்பது புதுசு, நிமிர்ந்து நிற்பது பழசு, மிதப்பதைத் தூக்கிப் போட்டுவிடலாம். நாளாக ஆக ஓட்டின் நுண்துளைகள் வழியே ஈரம் போய்க் காற்றறை பெரிதாவதுதான் காரணம். கடலூர் மாவட்டத்துச் சித்திரை வெயிலில் இது வேகமாக நடக்கும்.

ஓட்டுத் துண்டு கலவையில் விழுந்தால் விரலைவிட்டுத் துழாவாதீர்கள். உடைந்த ஓட்டின் கூரிய விளிம்பாலேயே அள்ளுங்கள், சட்டென்று வரும்.

1982 ஜூலை 1-ல் எம்.ஜி.ஆர். விரிவுபடுத்திய சத்துணவுத் திட்டத்தில் தொடக்கத்தில் முட்டை கிடையாது. 1989-ல் கலைஞர் ஆட்சியில் இரண்டு வாரத்துக்கு ஒன்று என்று வந்தது. 2010-ல் வாரம் ஐந்து ஆனது. ஜெயலலிதா ஆட்சியில் 2013-ல் மிளகு முட்டை, வெங்காயத் தக்காளி மசாலா முட்டை என்று வகைகள் சேர்ந்தன. ஒரு பள்ளிக்கூடத்து அடுப்படியில் நூறு பிள்ளைகளுக்கு ஆம்லெட் போட முடியாது, அவிப்பதுதான் வழி. அப்படி அவிக்கும்போது மஞ்சள் கருவைச் சுற்றிப் பச்சை வளையம் பிடிக்கிறதே, அது வெள்ளையிலிருந்து பிரியும் கந்தக வாயு மஞ்சள் கருவின் இரும்போடு சேர்வதால் வருவது. தீங்கில்லை. அதிகம் வெந்துவிட்டது என்பதற்கு அடையாளம், அவ்வளவே.

கடைசியாக ஒன்று. போன மாதம் ஒருநாள் பலா மூசு வைத்த ஆம்லெட்டைச் சாப்பிட்டு முடித்த அம்மா, “அந்த முறுகல் ஓரம் கொஞ்சம் போடேன், பார்த்து நாளாச்சு” என்றார். பழைய மாதிரியே நல்லெண்ணெயில் ஒரு முட்டையை மெல்லியதாகச் சுட்டு, பழுப்பேறிய ஓரத்தை மட்டும் விரலகலத்துக்குக் கத்தரித்து, கொதிக்கும் மிளகு ரசத்தில் போட்டேன். ஐந்து நிமிடம் ஊறினால் முறுகல் ஓரமும் ஈரத்தை இழுத்துக்கொண்டு குழைந்துவிடுகிறது. எண்ணெயில் பிடித்த அந்தப் பழுப்பு வாசனை மட்டும் போவதில்லை. அம்மா கிண்ணத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, முதலில் ரசத்தைக் குடித்தார்.